சமையல் பாட்டு என்றுதான் சொன்னோம்

நெய்வேலியில் எங்கள் குவார்ட்டர்ஸின் பின்னறை ஜன்னலை ஒரு பழைய மெத்தையால் அடைத்து வைத்திருக்கிறேன். வெயிலுக்காக என்று பக்கத்து வீட்டில் நினைத்துக்கொண்டிருக்கிறார்கள். உண்மையில் அது சத்தத்துக்காக. மாலையில் அந்த அறையில் பிள்ளைகளுக்குக் கீபோர்டு சொல்லிக்கொடுப்பேன். மற்ற நேரங்களில் அங்கே ஒலிப்பதிவு நடக்கும். அம்மன் கோயில் திருவிழாவுக்கு ஒரு பாட்டு, கிறிஸ்துமஸுக்கு ஒன்று, பள்ளிக்கூட ஆண்டுவிழா நடனத்துக்கு ஒன்று என்று யாராவது கேட்டுக்கொண்டே இருப்பார்கள். கல்யாணத்துக்கு முன் லைட் மியூசிக் குழுக்களில் வாசித்துக்கொண்டிருந்தவள் நான். கணவருக்குச் சுரங்கத்தில் பர்மனென்ட் வேலை. அவருடைய சொந்த ஊர் தென்காசிப் பக்கம். என் அம்மாவும் எங்களோடுதான் இருக்கிறார்.

அம்மா பிறந்தது ரங்கூனில். அறுபதுகளில் ராணுவம் ஆட்சியைப் பிடித்துக் கடை கண்ணிகளையெல்லாம் அரசு எடுத்துக்கொண்டபோது, என் தாத்தா குடும்பத்தோடு கப்பலேறி வந்து பண்ருட்டியில் பெட்டிக்கடை வைத்தார். மூத்த மகளுக்கு அதற்குள் அங்கேயே கல்யாணமாகிவிட்டதால் பெரியம்மா மட்டும் தங்கிவிட்டார். அக்காவும் தங்கையும் முதலில் கடிதத்தில், பிறகு போனில் என்று உறவை விடாமல் வைத்திருந்தார்கள். போனில் அவர்கள் பேசுவது பர்மிய மொழியில். எனக்கு ஒரு வார்த்தை புரியாது. அந்த நேரத்தில் அம்மாவின் குரலே வேறாகிவிடும். கொஞ்சம் மெல்லியதாக, இழுவையாக.

பெரியம்மாவுக்கு ஒரு மகன், ஒரு மகள். மகள் என்னைவிட இளையவள். என்னை அக்கா என்பாள்; எனக்கு அவள் தங்கச்சி. அவள்தான் பாடகி. கல்யாண வீடுகளிலும் ஓட்டல்களிலும் ஒரு குழுவோடு பர்மியப் பாட்டுகள் பாடுவாள். தமிழர் கோயில் திருவிழா என்றால் தமிழ்ப் பாட்டு. வீட்டில் தமிழ் பேசுவாள். ஆனால் தமிழ் எழுத்து தெரியாது. பள்ளிக்கூடம் முழுக்க பர்மிய மொழிதான்.

ஒருமுறை பழனிக்கும் வேளாங்கண்ணிக்கும் யாத்திரை வந்த கூட்டத்தோடு வந்தவள், அவர்கள் திரும்பிப் போகும் வரை எங்களோடு தங்கினாள். அந்தப் பின்னறையைப் பார்த்ததும் அவளுக்கு வாயெல்லாம் பல். இரண்டு பேரும் கதவை மூடிக்கொண்டு உட்கார்ந்துவிடுவோம். அப்போதுதான் அவள் இளவயதில் அங்கே பாட்டு வெளியிட்ட கதையைச் சொன்னாள். பாட்டின் வரிகளை ஒரு அலுவலகத்தில் கொடுக்க வேண்டும். யாரோ படித்துப் பார்ப்பார்கள். அவளுடைய முதல் பாட்டு கரண்ட் போன வீட்டில் இருக்கும் ஒரு பெண்ணைப் பற்றியது. அதில் இருட்டு என்று வரும் இடங்களையெல்லாம் அடித்துக் கொடுத்தார்களாம். கடைசியில் அந்தப் பெண் வெளிச்சமான வீட்டில் மெழுகுவத்தி தேடுவது போலப் பாட்டு வெளிவந்தது. சொல்லிவிட்டுச் சிரித்தாள். அவள் இங்கே வந்திருந்தது அங்கே கட்டுப்பாடுகள் தளர்ந்திருந்த காலம். இனிமேல் அதெல்லாம் திரும்பி வராது என்றுதான் அவள் நம்பினாள்.

பிறகு ராணுவம் மறுபடியும் ஆட்சியைப் பிடித்தது. கொஞ்ச நாள் இன்டர்நெட் இல்லை, போன் இல்லை. தொடர்பு கிடைத்த சாயங்காலம் அவள் வீடியோ காலில் வந்தாள். போனை ஜன்னலுக்கு வெளியே நீட்டினாள். தெரு முழுக்க ஆட்கள் பானையையும் தட்டையும் தட்டிக்கொண்டிருந்தார்கள். வீட்டுக்குள் புகுந்த கெட்டதை விரட்ட அங்கே பாத்திரம் தட்டுவது வழக்கமாம். இப்போது விரட்ட வேண்டியது எது என்று எல்லோருக்கும் தெரிந்திருந்தது. எங்கள் ஹாலில் அந்தச் சத்தம் நிறைந்தது.

அம்மா போனை என் கையிலிருந்து பிடுங்கி, ஜன்னலைச் சாத்தச் சொல்லிப் பர்மிய மொழியில் கத்தினார். அன்றைக்குச் சாப்பிடவில்லை. கப்பலேறுவதற்காகத் துறைமுகத்தில் வரிசையில் நின்றபோது சிறுமியான அம்மா ஏதோ பாட்டை முணுமுணுத்திருக்கிறார். மூட்டைகளைச் சோதித்த சிப்பாய் நிமிர்ந்து பார்த்ததும் தாத்தா உள்ளங்கையால் அம்மாவின் வாயைப் பொத்தினாராம். மூச்சு முட்டும் வரை கையை எடுக்கவில்லை என்று அம்மா சொல்லியிருக்கிறார். அதன்பிறகு அம்மா பாடி நான் கேட்டதே இல்லை. நான் இசைக்கு வந்ததுகூட அவருக்குப் பிடித்த விஷயம் இல்லை.

அங்கே பாடகர்களையும் நடிகர்களையும் தேடிப் பிடிக்க ஆரம்பித்தார்கள். தங்கச்சியின் குழுவில் கிட்டார் வாசித்தவன் ஊரைவிட்டே போய்விட்டான். தெருமுனைகளில் சிப்பாய்கள் போனை வாங்கி, என்ன பாட்டு வைத்திருக்கிறாய், என்ன படம் வைத்திருக்கிறாய் என்று பார்த்தார்கள். ஒரு பாட்டு இருந்ததற்காகவே ஆட்களை வண்டியில் ஏற்றினார்கள். அவள் வெளியே கிளம்பும் முன் போனில் இருப்பதையெல்லாம் அழித்துவிட்டுத்தான் கிளம்புவாள்.

அந்த மழைக்காலத்தில் ஒருநாள் ஒரு வாய்ஸ் மெசேஜ் வந்தது. துணையிசை எதுவும் இல்லாமல் அவள் குரல் மட்டும், தமிழில்.

“தட்டுறது தட்டுதான், தாளம் எங்க வீட்டுது,
பொங்கி வர்ற பானைக்குப் பூட்டுப் போட யாராலே?”

அதற்குப் பிறகு அரிசி, விறகு, புகை, கரண்டி என்று முழுக்க அடுப்படியிலேயே நடக்கிற பாட்டு. தெரியாமல் கேட்டால் சமையல் பாட்டு. பானைச் சத்தத்தைக் கேட்ட எனக்கு முதல் வரியிலேயே புரிந்துவிட்டது.

அடுத்து அவளே கூப்பிட்டாள். “அக்கா, இவங்களுக்குத் தமிழ் தெரியாது. பர்மா பாஷையில பாடினா ஒரு வரிக்கு ஒரு வருஷம் உள்ள போடுவாங்க. தமிழ்ல பாடினா கோயில் பாட்டுன்னு சொல்லிக்கலாம். நீ மியூசிக் போட்டு அங்கேருந்து விடு. பேர் வேணாம்” என்றாள். ஏன் இவ்வளவு சிரமம் என்று கேட்டேன். ஒன்றும் பாடாமல் இருந்தால் தொண்டையில் ஏதோ அடைத்துக்கொள்கிறது, தூங்க முடியவில்லை என்று சொன்னாள். அதை அவள் பெருமையாகச் சொல்லவில்லை. நோயைச் சொல்வது போலத்தான் சொன்னாள்.

கணவரிடம் மறைக்க விரும்பவில்லை, சொன்னேன். அவர் சட்டையைக் கழற்றாமலே நாற்காலியில் உட்கார்ந்து முழுவதையும் கேட்டார். கோபப்படவில்லை. “பாட்டு நல்லாருக்கு. ஆனா நான் அரசாங்கச் சம்பளம் வாங்குறவன். வேற நாட்டு விவகாரம்னு நாளைக்கு யாராவது கூப்பிட்டுக் கேட்டா என்ன சொல்றது?” என்றார். சமையல் பாட்டு என்று சொல்லலாம் என்றேன்.  அவர், நம் வீட்டு முகவரியோ என் பெயரோ உன் பெயரோ எங்கும் வரக்கூடாது என்று மட்டும் சொல்லிவிட்டுக் குளிக்கப் போனார். அம்மாவிடம் நாங்கள் சொல்லவில்லை.

பாட்டுக்குப் பறை வேண்டும் என்று தோன்றியது. பக்கத்து ஊரான வடக்குத்திலிருந்து ஒருவர் எனக்காக வழக்கமாக வந்து வாசிப்பார். முப்பத்தைந்து வயதிருக்கும், சுரங்கத்தில் கான்ட்ராக்ட் வேலை. ஷிப்ட் முடித்து, தலையில் பழுப்பு மண் ஒட்டியிருக்க, பறையைப் பைக்கில் கட்டிக்கொண்டு வந்தார். பாட்டைப் போட்டுக் காட்டினேன்.

“இன்னா டீச்சர், சோறாக்கற பாட்டா கீது?” என்றார்.

சொல்லாமல் வாசிக்க வைப்பது எனக்குச் சரியாகப் படவில்லை. முழுக் கதையையும் சொன்னேன். பிடிக்காவிட்டால் வேண்டாம் என்றும் சொன்னேன். அவர் தோல் இறுகட்டும் என்று பறையை வெயிலில் சாய்த்து வைத்துவிட்டு அதன் பக்கத்தில் குந்தினார்.

“எங்களையும் எந்தத் தெருவுல அடிக்கலாம், எந்தத் தெருவுல நிறுத்திகினு போவணும்னு சொல்லிகினுதான் இருந்தாங்க. எங்கப்பா நிறுத்திகினுதான் போனாரு. நான் போறதில்ல” என்றார். பிறகு எழுந்து அறைக்குள் வந்தார்.

மின்விசிறியை நிறுத்திவிட்டுப் பதிவு செய்தோம். வியர்வை சொட்டியது. சுரங்கத்தில் வெடி வைக்கிற நேரம் பார்த்து நடுவில் நிறுத்தவேண்டியிருந்தது. அந்த அதிர்வு மெத்தையைத் தாண்டி மைக்கில் ஏறிவிடும். ஒருமுறை கவனம் தப்பிவிட்டது. அவர் அடி ஓங்கும் இடத்தில் தூரத்தில் வெடியும் அதிர்ந்தது. கேட்டுப் பார்த்தால் நன்றாக இருந்தது, அப்படியே விட்டுவிட்டோம்.

வெளியிடும் முன் தங்கச்சி ஒரு ஏற்பாடு சொன்னாள். அவள் எனக்குத் தமிழில் எப்போதும் குரலில்தான் பேசுவாள். எழுத்தில் ஏதாவது வந்தால் அது அவள் இல்லை. பாட்டை எடுக்கச் சொல்வதானாலும் குரலில், சிரித்துக்கொண்டு சொல்வாள். அழுதுகொண்டு சொன்னால் எடுக்கக் கூடாது. “நான் மாட்டினதும் பாட்டு காணாமப் போச்சுன்னா நான்தான் பாடினேன்னு நானே சொன்ன மாதிரி” என்றாள். என்னைத் திரும்பச் சொல்லச் சொன்னாள். திரும்பச் சொன்னேன்.

புதிதாக ஒரு சேனல் தொடங்கி, அடுப்பில் வைத்த பானையின் படத்தோடு பாட்டை ஏற்றினேன். யாரும் அதிகம் கேட்கவில்லை. சமையல் குறிப்பு என்று நினைத்து வந்த ஒரு அம்மாள் எந்த ஊர்ப் பானை என்று கேட்டு எழுதியிருந்தார். பிறகு பர்மாவிலிருக்கிற தமிழர்கள் ஒவ்வொருவராகக் கேட்கத் தொடங்கினார்கள். பின்னூட்டத்தில் எதுவும் எழுதமாட்டார்கள். கைகூப்பும் படம் மட்டும் இருக்கும். நான் மாலை வகுப்பு முடிந்ததும் திறந்து பார்ப்பேன். அவளும் ரகசியமாகப் பார்த்துவிட்டு, “இன்னிக்கு சோறு நல்லா வெந்துச்சு அக்கா” என்பாள். எங்களுக்கே அது விளையாட்டாகிவிட்டிருந்தது.

அதைக் கெடுத்தது யாரோ ஒரு நல்ல மனசுக்காரர். எந்த நாட்டில் இருக்கிறாரோ தெரியாது. பாட்டை எடுத்து அடியில் பர்மிய மொழியில் வரிக்கு வரி அர்த்தம் எழுதி, பானை தட்டும் தெருக்களின் காட்சிகளையும் சேர்த்து வெளியிட்டுவிட்டார். அது காட்டுத்தீயாகப் பரவியது. மக்கள் தமிழ் தெரியாமலே பாட ஆரம்பித்தார்கள். “தட்டுறது தட்டுதான்” என்று பர்மியக் குழந்தைகள் மழலையில் பாடுகிற ஒரு காட்சியைத் தங்கச்சி பார்த்துவிட்டு என்னைக் கூப்பிட்டாள். அவள் அழுகிறாளா சிரிக்கிறாளா என்று தெரியவில்லை. “இனி சமையல் பாட்டுன்னு சொல்ல முடியாது அக்கா” என்று மட்டும் சொன்னாள்.

அம்மாவுக்கும் அப்படித்தான் தெரிந்தது. பண்ருட்டியிலிருக்கிற பர்மாக்காரக் குடும்பத்துப் பெண் ஒருத்தி அந்தக் காட்சியை அம்மாவுக்கு அனுப்பிவைத்திருந்தாள். அம்மா அதை ஒரு தரம் கேட்டார். அக்கா மகளின் குரல் அவருக்குத் தெரியாதா? அடுப்பை அணைத்துவிட்டு வந்து என் எதிரில் உட்கார்ந்தார். “நீதான?” என்றார். ஆமாம் என்றேன். திட்டுவார் என்று எதிர்பார்த்தேன். முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு அப்படியே உட்கார்ந்திருந்தார்.

தீபாவளி முடிந்த வாரத்தில் அவள் குரல் வருவது நின்றது. பெரியம்மா வீட்டு எண் எடுக்கப்படவில்லை. பிறகு பெரியம்மாவின் மகன், எங்கள் அண்ணன், வேறு யாருடைய போனிலிருந்தோ அம்மாவைக் கூப்பிட்டு இரண்டே வாக்கியம் சொல்லி வைத்துவிட்டார். மார்க்கெட் பக்கம் சோதனையில் அவளை நிறுத்தினார்கள். போனோடு கூட்டிக்கொண்டு போய்விட்டார்கள். யார் காட்டிக்கொடுத்தது, யாராவது காட்டிக்கொடுத்தார்களா, இன்றுவரை தெரியாது.

மறுநாள் பிற்பகல் நான் பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தேன். கூடத்தில் அம்மாவின் போன் சத்தம் கொடுத்தது. தங்கச்சியின் எண். என் எண்ணை அவள் எப்போதும் மனப்பாடமாகத்தான் வைத்திருந்தாள். போனில் சேமித்தது அம்மாவின் எண்ணை மட்டும், நெய்வேலி சித்தி என்று. ஓடிப்போய் எடுத்தேன். எழுத்தில் வந்திருந்தது. ஆங்கில எழுத்தில் தமிழ்: நான் நலம் சித்தி, பாட்டின் ஒரிஜினல் அனுப்புங்கள், மேளம் அடித்தது யார், மியூசிக் போட்டது யார், அவர்களுக்கும் நன்றி சொல்ல வேண்டும்.

என் கையில் சோப்பு நுரை. போன் வழுக்கிக் கீழே விழுந்தது. அந்த வார்த்தைகளுக்கு அந்தப் பக்கம் ஒரு மனிதன் உட்கார்ந்திருக்கிறான், பக்கத்தில் தமிழ் தெரிந்த இன்னொருவன் இருக்கிறான், ஒருவேளை அதே அறையில் அவளும் இருக்கிறாள் என்று என் மூளை ஒவ்வொன்றாகச் சொல்லிக்கொண்டே போனது. நாங்கள் படித்துவிட்டோம் என்பது அவர்களுக்குத் தெரிந்திருக்கும். அணைத்து வைத்தாலும் தப்பு. பதில் அனுப்பினாலும் தப்பு.

கணவர் அன்று முதல் ஷிப்ட் முடித்து வந்து படுத்திருந்தார். எழுந்து வந்து படித்தார்.  எண்ணை பிளாக் செய்யச் சொன்னார். சொல்லிவிட்டு அவரே, வேண்டாம், அதுவும் சந்தேகம்தான் என்றார்.

அம்மா தரையிலிருந்து போனை எடுத்தார். முந்தானையால் துடைத்தார். எங்களைப் பேசாமல் இருக்கச் சொல்லிக் கையைக் காட்டினார். பிறகு பொத்தானை அழுத்திப் பிடித்துக்கொண்டு பர்மிய மொழியில் பேச ஆரம்பித்தார்.

எனக்கு ஒன்றும் புரியவில்லை. ஆனால் அது பயந்தவரின் குரல் இல்லை. வசை. நடுவில் முழங்காலைத் தொட்டுக்காட்டினார், யாரோ பார்த்துக்கொண்டிருப்பது போல. ஒரு இடத்தில் பெருமூச்சு விட்டார். ஒரு இடத்தில் இருமினார். பேசி முடித்து அனுப்பிவிட்டுச் சுவரோரம் உட்கார்ந்தார்.

என்ன சொன்னீர்கள் என்று கணவர் கேட்டார். அம்மா தமிழில் சொன்னார். முழங்கால் வலிக்கு அங்கே கிடைக்கிற தைலம் கேட்டு எத்தனை மாதமாகிறது, அதை அனுப்பத் துப்பில்லை, பாட்டு என்ன பாட்டு, மேளம் என்ன மேளம், உனக்குக் கல்யாணம் நிச்சயமாகிவிட்டதா, அதைக்கூடச் சொல்லாமல் மேளக்காரனைக் கேட்கிறாயா, உன் அம்மாவைக் கூப்பிடு, அவளைக் கேட்கிறேன்.

“நெஜமா கோவம் வந்துடுச்சு. அதான் நல்லா வந்துச்சு” என்றார்.

பதில் வரவில்லை. அந்தப் பக்கம் கேட்டுவிட்டார்கள் என்பதற்கான அடையாளம் மட்டும் போனில் விழுந்தது.

அதன் பிறகுதான் கஷ்டமான வாரங்கள். அண்ணன் மறுபடியும் வேறு எண்ணிலிருந்து கூப்பிட்டார். இந்த முறை என்னிடம் பேசினார். பாட்டை எடுத்துவிடச் சொன்னார். அவர் பெரிய கடை வைத்திருப்பவர், கெஞ்சிப் பழக்கமில்லாதவர். “உன் காலுல விழறேன் தங்கச்சி. அம்மா சாப்பிடறதில்ல. அத எடுத்துடு” என்றார். அவள் சொல்லிவிட்டுப் போனதை அவரிடம் சொன்னேன். இப்போது எடுத்தால் அதுவே சாட்சியாகிவிடும் என்றேன். நீ பத்திரமான ஊரில் இருந்துகொண்டு பேசுகிறாய் என்று சொல்லி வைத்துவிட்டார். அவர் சொன்னதில் பொய் இல்லை.

வீட்டில் கணவரும் எடுத்துவிடலாம் என்ற பக்கம்தான். அவள் அடிபடும்போது இங்கே அந்தப் பாட்டு ஓடிக்கொண்டிருப்பது அவருக்குத் தாங்கவில்லை. ஒவ்வொரு நாளும் சேனலைத் திறந்து, நீக்குவதற்கான இடத்தில் விரலை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பேன். பிள்ளைகள் வெளியே செருப்பைக் கழற்றும் சத்தம் கேட்கும். மூடிவிட்டு வகுப்புக்கு உட்காருவேன். ஸ்வரம் தப்பாக வாசித்தாலும் கவனிக்க மாட்டேன். ஒரு குழந்தையின் அம்மா, உடம்பு சரியில்லையா டீச்சர் என்று கேட்டார். டவுன்ஷிப்பின் வாசலில் நிற்கிற செக்யூரிட்டியின் சீருடையைப் பார்த்தால்கூட நான் எதிர்ப்பக்கம் ஒதுங்கி நடந்தேன். அவர்கள் பாவம், எனக்கு வணக்கம் சொல்லிக்கொண்டுதான் இருந்தார்கள்.

பறை வாசித்தவரிடமும் சொல்லியாக வேண்டும் அல்லவா? அவரைக் கேட்டிருக்கிறார்கள் என்பதை அவர் அறிய வேண்டும். பஸ் நிறுத்தத்துக்குப் பக்கத்து டீக்கடையில் பிடித்துச் சொன்னேன். நிதானமாகக் கேட்டார். “எங்க வூட்டுக்கு வந்து கேட்டா நான்தான் அடிச்சேன்னு சொல்லுவேன். எனக்கு இங்க இன்னா. அந்தப் பொண்ண நெனைச்சாதான்” என்றவர், டீக் கிளாஸைக் கீழே வைத்தார். பாட்டை எடுக்கட்டுமா என்று கேட்டேன். அவரிடம் அனுமதி கேட்டேனா, பாரத்தை இறக்கி வைக்கப் பார்த்தேனா தெரியவில்லை.

“அவுங்க சொன்னது இன்னா?”

குரலில் சொன்னால்தான் எடுக்க வேண்டும் என்று சொன்னதைச் சொன்னேன்.

“அப்ப கொரலு வர்ற வரிக்கும் இருங்க” என்றார்.

அம்மாவிடம் நான் கேட்கவே இல்லை. எடு என்று சொல்லிவிட்டால் எடுத்துவிடுவேன் என்ற பயம். அவரும் அந்தப் பேச்சை எடுக்கவில்லை. ஒன்றை மட்டும் கவனித்தேன்: போனைக் கையிலேயே வைத்துக்கொண்டு திரிந்தார். குளியலறைக்குப் போனாலும் கதவோரம் வைத்துவிட்டுப் போவார். நான் எடுக்கவில்லை. பொங்கல் வந்து போனது. பலாப்பிஞ்சு சந்தைக்கு வந்தது. வெயில் ஏறியது. பாட்டு இருந்தது.

சித்திரை பிறக்கும் சமயம் அங்கே தண்ணீர்த் திருவிழா. அதையொட்டிச் சிலரை விடுவிப்பது அந்த நாட்டு வழக்கம். எந்த வழக்கும் போடாமல் அடைத்து வைத்திருந்தவர்களில் அவளும் வெளியே வந்தாள். அண்ணன்தான் கூப்பிட்டுச் சொன்னார். என்னிடம் போனைக் கொடுக்கச் சொல்லவில்லை. அம்மா பெரியம்மாவோடு பேசினார். இரண்டு பேரும் பேசியதைவிட அழுததுதான் அதிகம். அவள் பேசவில்லை. படுத்திருக்கிறாள் என்றார்கள்.

அவள் குரலை நான் கேட்டது வெகுநாள் கழித்து, ஆடி மாதத்தில். புதிய எண். தாய்லாந்து எல்லையைத் தாண்டி ஒரு சின்ன ஊரில், அவளைப் போல வந்தவர்களோடு ஓர் அறையில் இருந்தாள். குரல் அடிபட்டுக் கரகரத்திருந்தது. முதலில் அடையாளமே தெரியவில்லை. அக்கா என்றதும்தான் தெரிந்தது.

அவள் சொன்னவற்றில் எல்லாவற்றையும் எழுத அவள் அனுமதிக்கவில்லை. எழுதச் சொன்னது இரண்டு. ஒன்று, அம்மாவின் வாய்ஸ் மெசேஜை அவர்கள் அவள் எதிரிலேயே போட்டுக் கேட்டார்கள். அம்மாவின் பர்மிய மொழி அறுபது வருஷத்துக்கு முந்தையது. இப்போது யாரும் அப்படிப் பேசுவதில்லை. அதிகாரியின் பக்கத்தில் இருந்த ஆள், என் பாட்டியைப் போலத் திட்டுகிறாளே என்று சிரித்துவிட்டானாம். அந்தச் சிரிப்பில் அறை கொஞ்சம் தளர்ந்தது. “சித்தி கொரல் கேட்டதும் உங்களுக்கு விஷயம் புரிஞ்சுடுச்சுன்னு தெரிஞ்சுது அக்கா. அப்புறம் எனக்குப் பயம் கொறஞ்சுது” என்றாள்.

இன்னொன்று: நீ இங்கே இருக்கிறாய், நாளைக்குப் பாட்டு மறைந்தால் பாடியது நீதான் என்று அதிகாரி சொல்லியிருக்கிறான். தினமும் அவள் எதிரில் போனை எடுத்துப் பார்ப்பானாம். பாட்டு இருக்கும். ஒரு நாள் பார்ப்பதை நிறுத்திவிட்டான்.

நான் போனை ஸ்பீக்கரில் வைத்திருந்தேன். கணவர் எழுந்து பால்கனிக்குப் போய் நின்றுகொண்டார். 

இப்போது நீ வெளியே வந்துவிட்டாயே, பாட்டுக்கு உன் பெயரைப் போட்டுவிடட்டுமா என்று கேட்டேன்.  அவளுக்கு எவ்வளவு ஆசை என்று எனக்குத் தெரியும். அவள் பாடியதிலேயே அதிகம் பேர் கேட்டது அதைத்தான். அது அவளுடையது என்று யாருக்கும் தெரியாது. அம்மா குறுக்கிட்டு, “உங்கம்மா எங்க இருக்கா?” என்று கேட்டார். ரங்கூனில், அண்ணன் வீட்டில் என்றாள். பெயர் வெளியே வந்தால் அவர்களைத்தான் பிடிப்பார்கள். பெயர் போடவில்லை. இதை எழுதும்போதும் அதே காரணத்துக்காக யார் பெயரையும் விட்டிருக்கிறேன்; ஊர்களையும் உறவுகளையும்கூட அங்கங்கே மாற்றியிருக்கிறேன்.

அண்ணன் இன்னும் என்னோடு பேசுவதில்லை. பாட்டை எடுக்காததால்தான் அவள் வெளியே வந்தாள் என்று தங்கச்சி அவரிடம் சொல்லியிருக்கிறாள். எடுக்காததால்தான் அத்தனை மாதம் வைத்திருந்தார்கள் என்கிறார் அவர். அவர் சொல்வதும் நடந்திருக்கக்கூடும். யாரால் தீர்த்துச் சொல்ல முடியும்?

தொண்டை தேற வெகு காலமானது. போன வாரம் ஒரு புதிய பாட்டு அனுப்பியிருக்கிறாள். பர்மிய மொழியில், எதையும் மறைக்காமல். இதில் அடுப்பும் இல்லை, பானையும் இல்லை. அம்மா பக்கத்தில் உட்கார்ந்து எனக்கு வரிக்கு வரி அர்த்தம் சொன்னார். சொல்லி முடித்துவிட்டு, இது வெளியே வந்தால் அவள் திரும்பி ஊருக்குப் போகவே முடியாது, தெரியுமா என்றார். தெரியும், அவளுக்கும் தெரியும் என்றேன். அம்மா முழங்காலைத் தடவிக்கொண்டார்.

“பெரியம்மாவ மொதல்ல வெளிய கொண்டாரச் சொல்லு. அதுவரைக்கும் மியூசிக்கப் போட்டு வை” என்றார்.

போட்டுக்கொண்டிருக்கிறேன். வடக்குத்துக்காரர் ஞாயிற்றுக்கிழமை வருவதாகச் சொல்லியிருக்கிறார்.